உருளைத் தொட்டிக்குள் பூச எத்தனை லிட்டர் பெயிண்ட்?

உருளை வடிவத் தண்ணீர்த் தொட்டியின் உட்புறத்துக்கு எவ்வளவு பெயிண்ட் வாங்க வேண்டும் என்பதை இரண்டு எண்கள் முடிவு செய்கின்றன. பூச வேண்டிய பரப்பு ஒன்று. ஒரு லிட்டர் பெயிண்ட் எவ்வளவு பரப்பை மூடும் என்பது மற்றொன்று. முதல் எண்ணை ஒரு டேப்பும் சிறு பெருக்கலும் சரியாகத் தந்துவிடும். இரண்டாவது எண் அப்படிப்பட்டதல்ல. சுவரின் சொரசொரப்பு, அன்றைய வெயில், காற்றின் ஈரம், பூசுகிறவரின் கை என எல்லாமே அதை மாற்றும். வேலை பாதியில் நிற்கும்போது டப்பா காலியாவதற்குக் காரணம் பெரும்பாலும் இந்த இரண்டாவது எண்தான்.

கேரளத்தின் தமிழக எல்லையோரங்களில் இந்தக் கணக்கு ஓயாமல் தேவைப்படுகிறது. பாலக்காடு மாவட்டம் சித்தூர் தாலுகாவில் கொழிஞ்சாம்பாறை, வடகரப்பதி, எருத்தேன்பதி பக்கமெல்லாம் மழை குறைவு. பரம்பிக்குளம் – ஆழியாறு ஒப்பந்தப்படி சித்தூர்ப் புழைக்கு ஆண்டுக்கு 7.25 டி.எம்.சி. தண்ணீர் விட வேண்டும். அந்தத் தண்ணீரும் ஆழ்குழாய்க் கிணறுகளும்தான் தென்னந்தோப்புகளுக்கும் வீடுகளுக்கும் ஆதாரம். முறை வைத்து வருகிற தண்ணீரைப் பிடித்து வைக்கத் தொட்டி வேண்டும். இடுக்கி மாவட்டத்தின் தேவிகுளம், பீர்மேடு, உடும்பஞ்சோலை தாலுகாக்களில் நிலைமை வேறு. அங்கே பெரும்பாலான இடங்களில் மழைக்குக் குறைவில்லை. ஆனால் மேட்டில் இருக்கும் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயங்களுக்கும் ஏலத் தோட்டங்களுக்கும் கோடையில் கைகொடுப்பது மழைக்காலத்தில் சேர்த்த நீரும் ஊற்று நீரும்தான். இரண்டு பக்கமும் காணக் கிடைப்பது ஒரே வடிவம்: கம்பி வலையின்மேல் சிமெண்ட் கலவை பூசிக் கட்டிய வட்டத் தொட்டி, பெரும்பாலும் 10,000 லிட்டர். தொட்டி ஒன்றானாலும் கொழிஞ்சாம்பாறை வெயிலில் அது குடிக்கும் பெயிண்டும் மூணாறு மூடுபனியில் குடிக்கும் பெயிண்டும் ஒன்றாக இருக்காது.

முதலில் பரப்பு. உருளையின் சுவரை ஓர் இடத்தில் நெடுக வெட்டி விரித்தால், சுருட்டி வைத்த பாயைப் பிரித்தது போல ஒரு நீள்சதுரம் கிடைக்கும். அதன் நீளம் வட்டத்தின் சுற்றளவு. அகலம் தொட்டியின் உயரம். ஆகவே உள்விட்டத்தை 3.14-ஆல் பெருக்கி, உயரத்தாலும் பெருக்கினால் சுவரின் பரப்பு வந்துவிடும். தரைக்குப் பழைய தமிழ்க் கணக்கு நூலான கணக்கதிகாரம் சொல்லும் வழியே போதும். சுற்றளவில் பாதியை விட்டத்தில் பாதியால் பெருக்கினால் வட்டத்தின் பரப்பு. சுவருக்காகச் சுற்றளவை ஏற்கெனவே கண்டுபிடித்தாகிவிட்டதால் இது கைக்கு எளிது.

14-ஆம் நூற்றாண்டில் கேரளத்தின் சங்கமகிராம மாதவன் வட்டத்தின் சுற்றளவுக்கும் விட்டத்துக்கும் உள்ள விகிதத்தைப் பதினொரு தசம இடம்வரை கண்டவர். பெயிண்ட் கணக்குக்கு அவ்வளவு நுட்பம் வேண்டியதில்லை. 22-ஐ 7-ஆல் வகுத்த எண்ணைக் கொண்டே கணக்கிட்டாலும், 10,000 லிட்டர் தொட்டியில் வரும் பிழை உள்ளங்கையளவு இடம்தான். பெரிய பிழை வருவது அளப்பதில்.

பெயிண்ட் அடிப்பது உள்ளே. ஆனால் டேப் பிடிக்க வசதியாக இருப்பது வெளியே. வெளிச்சுற்றளவை அளந்து அப்படியே கணக்கில் போட்டுவிடுகிறார்கள். சுவரின் கனத்தை 6.28-ஆல் பெருக்கி, வெளிச்சுற்றளவிலிருந்து கழித்தால்தான் உட்சுற்றளவு. கம்பிவலைத் தொட்டியில் சுவர் 4 சென்டிமீட்டர் கனம் என்றால் 25 சென்டிமீட்டர்தான் குறையும்; பெரிய நஷ்டமில்லை. ஒன்பது அங்குலச் செங்கல் சுவரில் கதை வேறு. வெளிவிட்டம் 3 மீட்டர் உள்ள தொட்டிக்கு வெளிச்சுற்றளவு 9.42 மீட்டர், உட்சுற்றளவு 7.98 மீட்டர். கழிக்காமல் விட்டால் சுவருக்கு 18 சதவீதம் பெயிண்ட் கூடுதலாக வாங்க நேரும். கையால் கட்டிய தொட்டி கச்சிதமான வட்டமாக இருப்பதும் அரிது. உள்விட்டத்தை இரண்டு மூன்று திசைகளில் அளந்து சராசரி எடுப்பது நல்லது.

உயரத்தை அளக்கும்போது தண்ணீர் நிற்கும் மட்டத்தோடு நிறுத்திவிடக் கூடாது. தண்ணீருக்கு மேலே, மூடிக்குக் கீழே உள்ள இடம்தான் தொட்டியில் அதிகம் கெடுகிறது. நீராவி அங்கே படிந்து சொட்டிக்கொண்டே இருக்கும். குளோரின் போட்ட தண்ணீரானால் அதன் ஆவியும் சேரும். இரும்புத் தொட்டியில் கூரையின் அடிப்பக்கம் முதலில் துருப்பிடிப்பது இதனால்தான். கூரை தட்டையாக இருந்தால் தரையின் பரப்பே அதற்கும். கம்பிவலைத் தொட்டிகளுக்குக் கவிந்த கூரைதான் வழக்கம். அதற்குத் தொட்டியின் ஆரத்தின் வர்க்கத்தோடு கவிவின் உயரத்தின் வர்க்கத்தைக் கூட்டி 3.14-ஆல் பெருக்க வேண்டும்.

ஒரு தொட்டியை எடுத்துக்கொண்டு பார்க்கலாம். உள்விட்டம் 2.5 மீட்டர், சுவர் உயரம் 2.1 மீட்டர். கொள்ளளவு 10,300 லிட்டர். தண்ணீர் 2 மீட்டருக்குச் சற்று மேலே நின்றால் 10,000 லிட்டர் இருக்கும். சுற்றளவு 7.85 மீட்டர். சுவர் 16.49 சதுர மீட்டர், தரை 4.91, இரண்டும் சேர்ந்து 21.4 சதுர மீட்டர். பெயிண்டர்கள் சதுர அடியில்தான் பேசுவார்கள். சதுர மீட்டரை 10.76-ஆல் பெருக்கினால் 230 சதுர அடி. 40 சென்டிமீட்டர் கவிந்த கூரையின் அடிப்பக்கம் 5.41 சதுர மீட்டர். அதையும் சேர்த்தால் 26.8 சதுர மீட்டர், சுமார் 289 சதுர அடி.

கொள்ளளவை மட்டும் சொல்லி, இத்தனை லிட்டர் தொட்டிக்கு இத்தனை லிட்டர் பெயிண்ட் என்று கேட்பது சரிவராது. 6 மீட்டர் விட்டமும் 3.6 மீட்டர் உயரமும் உள்ள தொட்டியில் ஒரு லட்சம் லிட்டருக்கு மேல் பிடிக்கும். அதன் சுவரும் தரையும் சேர்ந்து 96 சதுர மீட்டர். தண்ணீர் பத்து மடங்கு, பூச வேண்டிய பரப்போ நாலரை மடங்குதான். ஒரே கொள்ளளவிலும் உருவத்தைப் பொறுத்துப் பரப்பு மாறும். 10,000 லிட்டரை ஒன்றரை மீட்டர் விட்டத்தில் ஒடுக்கமாக உயர்த்திக் கட்டினால் சுவரும் தரையும் 28 சதுர மீட்டரைத் தாண்டும். சுவர் உயரமும் ஆரமும் சமமாக, ஏறக்குறைய 1.47 மீட்டராக, அமைந்தால் 20.4 சதுர மீட்டர். அதைவிடக் குறைந்த பரப்பில் அந்தத் தண்ணீரை மூடியில்லாத உருளைத் தொட்டியில் நிறுத்த முடியாது.

படுத்திருக்கும் உருளைக்கும் இதே கணக்கு. 1940-இல் இயங்கத் தொடங்கிய, கேரளத்தின் முதல் நீர்மின் நிலையமான பள்ளிவாசலில், மலைச்சரிவில் இறங்கும் இரும்புக் குழாய்கள் வழியாகத்தான் தண்ணீர் டர்பைனுக்குப் போகிறது. அத்தகைய குழாய்களின் உட்புறம் துருப்பிடித்துச் சொரசொரத்தால் ஓட்டமும் குறையும், இரும்பும் மெலியும். தரையும் கூரையும் இல்லாததால் அங்கே சுற்றளவையும் நீளத்தையும் பெருக்கினால் போதும். ஒன்றரை மீட்டர் விட்டமுள்ள குழாய் என்றால் ஒவ்வொரு மீட்டர் நீளத்துக்கும் 4.71 சதுர மீட்டர்.

இனி இரண்டாவது எண். ஒரு லிட்டர் பெயிண்டை ஒரு சதுர மீட்டரில் சீராகப் பரப்பினால் அது 1 மில்லிமீட்டர் கனம் நிற்கும். ஆறு சதுர மீட்டரில் பரப்பினால் அதில் ஆறில் ஒரு பங்கு, அதாவது 167 மைக்ரான். மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு. பெயிண்டில் உள்ள திரவத்தில் ஒரு பகுதி காற்றில் ஆவியாகிப் போகும். மீதிதான் சுவரில் தங்கும். எவ்வளவு தங்கும் என்பதைக் கம்பெனி தரும் விவரத் தாளில் சதவீதமாகப் போட்டிருப்பார்கள். 60 சதவீதம் என்றால் 167 மைக்ரான் ஈரப் பூச்சு காய்ந்து 100 மைக்ரான் ஆகும். இதைச் சுருக்கினால் ஒரு விதி கிடைக்கிறது: தங்கும் சதவீதத்தைப் பத்தால் பெருக்கி, வேண்டிய காய்ந்த கனத்தின் மைக்ரானால் வகுத்தால், ஒரு லிட்டர் மூடும் சதுர மீட்டர். 600-ஐ 100-ஆல் வகுத்தால் 6. சதுர அடியில் ஏறக்குறைய 65.

இது கண்ணாடி போன்ற வழவழப்பான பரப்பில், ஒரு சொட்டும் சிந்தாமல் பூசினால் கிடைக்கும் எண். தொட்டிக்குள் நடப்பது வேறு. சிமெண்ட் சுவரின் குழிகளில் கொஞ்சம் இறங்கும், ரோலரும் பிரஷ்ஷும் கொஞ்சம் குடிக்கும், டப்பாவின் அடியில் கொஞ்சம் ஒட்டிக்கொள்ளும். ரோலரால் அடிக்கும்போது 20 சதவீதம் போகும் என்று வைத்துக்கொள்ளலாம். ஸ்ப்ரேயில் இன்னும் அதிகம். இந்தச் சேதாரத்தைச் சேர்க்கும் இடத்தில் ஒரு பிழை பரவலாக நடக்கிறது. 20 சதவீதம் வீணாகும் என்றால் 1.2-ஆல் பெருக்கினால் போதாது, 0.8-ஆல் வகுக்க வேண்டும். வாங்கியதில் 80 பங்குதானே சுவருக்குப் போகிறது. அப்படிப் பார்த்தால் லிட்டருக்கு 6 என்பது 4.8 சதுர மீட்டராகக் குறையும். சுவரும் தரையும் 21.4 சதுர மீட்டர். ஒரு கோட்டுக்கு 4.46 லிட்டர், இரண்டு கோட்டுக்கு 8.9 லிட்டர். கூரையும் சேர்ந்தால் 11.2 லிட்டர். பிரைமர் இதில் சேராது. வெறும் சிமெண்ட் அதிகமாக உறிஞ்சும் என்பதால் பிரைமரைத் தனியாகக் கணக்கிட வேண்டும்.

சுவரின் உண்மையான பசியை அறிய எளிய சோதனை ஒன்று உண்டு. தொட்டிக்குள் சுண்ணக்கட்டியால் ஒரு மீட்டருக்கு ஒரு மீட்டர் கட்டம் போட்டு, டப்பா, ரோலர், ட்ரே மூன்றையும் சேர்த்து எடை போட வேண்டும். அந்தக் கட்டத்தை வழக்கமான கையோடு ஒரு கோட் பூசிவிட்டு உடனே மறுபடி எடை பார்க்க வேண்டும். 250 கிராம் குறைந்திருக்கிறது, பெயிண்டின் எடை லிட்டருக்கு 1.3 கிலோ என்றால், போனது 0.19 லிட்டர், லிட்டருக்கு 5.2 சதுர மீட்டர். விளம்பரத்தில் உள்ள எண்ணைவிட, கடைக்காரரின் உத்தேசத்தைவிட நம்பத்தக்கது இந்த எண். பாலிமர் கலந்த சிமெண்ட் பூச்சுகளைக் கிலோ கணக்கில்தான் விற்கிறார்கள். அவற்றுக்கும் இதே சோதனையைச் செய்யலாம்; அங்கே எடையை லிட்டராக மாற்றும் வேலைகூட இல்லை.

எண்ணைவிட எச்சரிக்கை தேவைப்படும் இடம் தின்னர். பெயிண்ட் குறைவாக இருக்கிறது என்றதும் தின்னர் ஊற்றி இழுப்பது பழக்கமாகிவிட்டது. 5 லிட்டர் பெயிண்டில் 1 லிட்டர் தின்னர் விட்டால் டப்பாவில் 6 லிட்டர் இருக்கும். சுவரில் தங்கப்போகும் பொருள் ஒரு துளிகூட ஏறாது. 60 சதவீதம் 50 சதவீதமாக இறங்கியிருக்கும், அவ்வளவுதான். அதே 100 மைக்ரான் வேண்டுமானால் இப்போது 200 மைக்ரான் ஈரப் பூச்சு போட வேண்டும். யாரும் அப்படிப் போடுவதில்லை. பூச்சு மெலிந்து, ஒன்றிரண்டு ஆண்டுகளில் கொப்புளம் விட்டு உரியும். கனத்தைச் சரிபார்க்கச் சீப்பு வடிவில் ஒரு சிறு உலோகத் தகடு கிடைக்கிறது. ஈரமாக இருக்கும்போதே சுவரில் அழுத்தி எடுத்தால், எந்தப் பல்வரை பெயிண்ட் ஒட்டியிருக்கிறதோ அதுதான் ஈரப் பூச்சின் கனம். முதல் கோட்டுக்கும் இரண்டாவது கோட்டுக்கும் வெவ்வேறு நிறம் எடுத்தால், விட்டுப்போன இடம் தானே கண்ணில் படும்.

எல்லைப் பகுதிகளின் இரண்டு வானிலைகளும் கணக்குக்குள் நுழைவது இங்கேதான். பாலக்காட்டுக் கணவாய் வழியாக வீசும் வறண்ட காற்றும், மார்ச், ஏப்ரலில் 40 டிகிரியை எட்டும் வெயிலும் சித்தூர்ப் பக்கத்துத் தொட்டிகளைச் சுட வைக்கும். இரண்டு பொருட்களைக் கலந்து பூசும் எப்பாக்சி பெயிண்டுக்குக் கலந்த பிறகு குறிப்பிட்ட நேரம்தான் ஆயுள். வெப்பம் 10 டிகிரி கூடினால் அந்த நேரம் ஏறக்குறைய பாதியாகும். மொத்தமாகக் கலந்து வைத்தால் கடைசி ஒரு லிட்டர் டப்பாவிலேயே கட்டியாகிவிடும். அந்த ஒரு லிட்டரும் சேதாரக் கணக்கில்தான் சேரும். அங்கே அதிகாலையிலோ சாயங்காலமோ, கொஞ்சம் கொஞ்சமாகக் கலந்து பூசுவதே சிக்கனம்.

மூணாறு, வட்டவடை பக்கம் சிக்கல் நேர்மாறானது. டிசம்பர், ஜனவரி இரவுகளில் குளிர் பூஜ்யத்தை நெருங்கும். குளிரில் பெயிண்ட் இறுகிக் கனமாகப் படியும்; லிட்டருக்கு மூடும் பரப்பு குறையும். பல எப்பாக்சி வகைகள் 10 டிகிரிக்குக் கீழே காய்வதே இல்லை எனலாம். சுவரின் வெப்பம், பனி படியும் வெப்பநிலையைவிடக் குறைந்தது 3 டிகிரி மேலே இருக்க வேண்டும். காற்றின் ஈரப்பதம் 85 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும் என்பது இத்தொழிலில் பொதுவிதி. மழைநிழலில் இருக்கும் மறையூர், சின்னாறு பக்கம் இதற்கேற்ற நாட்கள் எளிதில் கிடைக்கும். மூணாற்றில் மழை ஓய்ந்து வெயில் ஏறிய நேரம் பார்த்துத்தான் பூச முடியும். சுவருக்குள் ஈரம் இருக்கிறதா என்று பார்க்க ஒன்றரை அடிச் சதுர பாலிதீன் தாளை நாலு ஓரமும் டேப் ஒட்டி 16 மணி நேரம் விட வேண்டும். தாளின் உள்ளே நீர்த்துளி கோத்திருந்தால் இன்னும் காயவில்லை. புதுத் தொட்டியானால் 28 நாள் நீராற்றல் (க்யூரிங்) முடிந்து, காய்ந்த பிறகே பெயிண்ட்.

குடிநீர்த் தொட்டிக்கு எல்லாப் பெயிண்டும் ஆகாது. வீட்டு, அலங்காரப் பெயிண்டுகளில் ஈயம் பத்து லட்சத்தில் 90 பங்குக்கு மேல் இருக்கக் கூடாது என்று மத்திய அரசின் 2016-ஆம் ஆண்டு விதிகள் சொல்கின்றன. 2017 நவம்பர் 1 முதல் அவை நடைமுறையில் உள்ளன. தொழிற்சாலைகளுக்கான பெயிண்டுகள் அந்த விதிக்குள் வரவில்லை. ஆகவே மிச்சம் கிடந்த இயந்திரப் பெயிண்டையோ கேட்டுக்கு அடித்த பெயிண்டையோ தொட்டிக்குள் அடிப்பது குழந்தைகள் குடிக்கும் தண்ணீரில் ஈயத்தைக் கலப்பதாகிவிடலாம். தார் சார்ந்த கறுப்புப் பெயிண்டுக்கு ஐ.எஸ். 9862 என்ற இந்தியத் தர வரையறை இருக்கிறது. ஈயமற்றது, தண்ணீரையும் குளோரினையும் தாங்குவது என்பது அதன் தலைப்பிலேயே உண்டு. எந்த வகையானாலும், குடிநீரோடு தொடர்புபட ஏற்றது என்ற சான்று டப்பாவிலோ விவரத் தாளிலோ இருந்தால் மட்டுமே வாங்க வேண்டும்.

லிட்டர் கணக்கைவிட முக்கியமானது உள்ளே இறங்கும் ஆளின் உயிர். தின்னரின் ஆவி காற்றைவிடக் கனமானது. மேலே ஏறிப் போகாது, தொட்டியின் அடியில் தேங்கி நிற்கும். மேலே உள்ள திறப்பு திறந்திருப்பதால் மட்டும் உள்ளே காற்று நன்றாகிவிடாது. குனிந்து தரையைப் பூசுகிறவர்தான் அந்த ஆவியை முதலில் சுவாசிப்பார். தலை சுற்றுவதற்கும் மயங்கி விழுவதற்கும் இடையே சில நிமிடங்கள்கூட இல்லாமல் போகலாம். ஒரு தீப்பொறியோ பீடி நெருப்போ போதும், வெடிக்க. 1948-ஆம் ஆண்டுத் தொழிற்சாலைகள் சட்டத்தின் 36, 36-ஏ பிரிவுகள் இத்தகைய ஆபத்துக்காகவே எழுதப்பட்டவை. ஆவி நீக்கப்படாத தொட்டிக்குள் இறங்குபவர் சுவாசக் கருவி அணிந்து, இடுப்பு வாரில் கயிறு கட்டியிருக்க வேண்டும். கயிற்றின் மறுமுனை வெளியே நிற்பவர் கையில் இருக்க வேண்டும். உள்ளே கொண்டுபோகும் கைவிளக்கு 24 வோல்ட்டைத் தாண்டக் கூடாது என்று அவை விதித்தன. அந்தச் சட்டம் வீட்டுத் தொட்டிக்காக எழுதப்பட்டதல்ல என்றாலும், தோப்பிலும் லயத்திலும் இதே முறையைப் பின்பற்ற வேண்டும். குழாய் பொருத்திய ஃபேனால் அடிவரை நல்ல காற்றை இறக்க வேண்டும். உள்ளே ஒருவர் விழுந்தால் அவரைத் தூக்க இன்னொருவர் சட்டென்று குதிக்கக் கூடாது. இரண்டு பேரும் போய்விடுவது இப்படித்தான். பூசுவது கூரையிலிருந்து தொடங்கி, சுவர் வழியே இறங்கி, தரையில் ஏணியை நோக்கி முடிய வேண்டும்.

சுவரும் தரையும் சந்திக்கும் மூலையில் முதலில் பிரஷ்ஷால் தனியாக ஒரு கோட் போடுவது நல்ல மேஸ்திரிகளின் வழக்கம். கசிவு தொடங்குவது அங்கேதான்; ரோலர் அந்த மூலைக்குள் போவதில்லை. குழாய் வாய்களைச் சுற்றியும் அப்படியே. இதற்கு அரை லிட்டர் ஒதுக்கி வைக்கலாம். எப்பாக்சி செட்டாகத்தான் வரும். கலவை விகிதம் கெடாமல் இருக்க முழுச் செட்டாகவே வாங்க வேண்டியிருக்கும். மேலே கண்ட தொட்டிக்குக் கூரை உட்பட 11.2 லிட்டரோடு இந்த அரை லிட்டரும் சேர, 4 லிட்டர் செட் மூன்று சரியாக வரும்.

பூசி முடித்ததும் தண்ணீர் நிரப்ப அவசரப்படக் கூடாது. பெரும்பாலான எப்பாக்சிகள் முழுதாக இறுக 7 நாள் ஆகும். மலையின் குளிரில் இன்னும் கூடும். பிறகு ஒருமுறை நிரப்பி, வடித்து, கழுவிவிட்டுத்தான் குடிக்கும் தண்ணீரை விட வேண்டும். பூசிய தேதி, பெயிண்டின் பெயர், உள்பரப்பு, உண்மையில் செலவான லிட்டர் ஆகிய நாலையும் தொட்டியின் வெளிச்சுவரில் எழுதி வைத்தால், அடுத்த முறை பூசுகிறவர் பரப்பை லிட்டரால் வகுத்து, அந்தச் சுவருக்கே உரிய எண்ணோடு கடைக்குப் போகலாம்.